அத்ராத்தோ ஆற்றங்கரையில் ஒரு புது ஊர்

2023ஆம் ஆண்டு தென்னமெரிக்காவிலுள்ள கொலம்பியா நாட்டுக்குப் போய்வரும் வாய்ப்பு எனக்குக் கிடைத்தது. காணாமல் போனவர்களின் குடும்பங்களோடு வேலை செய்யும் பெண்களைப் பல நாடுகளிலிருந்தும் அழைத்திருந்தார்கள். ஆசியாவிலிருந்து மூன்று பேர், அதில் நானும் ஒருத்தி. கொலம்பியா என்று சொன்னதும் அம்மா, "கொழும்புக்குத்தானே, அதுக்கேன் இவ்வளவு பெரிய பை?" என்று கேட்டார். பூமிப் படத்தை எடுத்து நம் நாட்டையும் அந்த நாட்டையும் காட்டினேன். படத்தின் ஒரு ஓரத்தில் நாம், மற்ற ஓரத்தில் அவர்கள். "அங்கேயும் சண்டை நடந்ததா?" என்று மட்டும் கேட்டார். ஐம்பது வருசத்துக்கு மேல் நடந்தது என்றேன். அதற்குமேல் அவர் ஒன்றும் கேட்கவில்லை.

மூன்று விமானம் மாறித் தலைநகர் பொகோட்டாவுக்குப் போனோம். அங்கிருந்து இன்னொரு சிறு விமானத்தில் கிப்தோ என்ற பட்டணத்துக்கு. கிப்தோ, சொக்கோ என்ற மாகாணத்தின் தலைநகர். உலகிலேயே மிக அதிகமாக மழை பெய்யும் இடங்களில் சொக்கோவும் ஒன்று. கிப்தோவில் ஆண்டுக்கு 7000 மில்லிமீற்றருக்கு மேல் மழை. மட்டக்களப்பில் எங்களுக்குக் கிடைப்பதைப்போல நான்கு மடங்கு. மாரி, கோடை என்று பிரித்துச் சொல்ல அங்கே பெரிதாக ஒன்றுமில்லை. துவைத்துப் போட்ட சட்டை நான் நின்ற எட்டு நாளும் காயவில்லை.

கிப்தோவின் முன்னால் அத்ராத்தோ ஆறு ஓடுகிறது. சுமார் 750 கிலோமீற்றர் நீளமான ஆறு. வடக்கு நோக்கி ஓடிக் கரீபியன் கடலில் விழுகிறது. நாங்கள் போகவேண்டிய ஊர் பெல்யாவிஸ்தா. பொஹயா என்ற நகராட்சியின் தலைமை ஊர் அதுதான். அந்த ஊருக்கு வீதி கிடையாது. கிப்தோவிலிருந்து ஆற்றோட்டத்தோடு வேகப்படகில் நாலு மணித்தியாலம் போகவேண்டும். எங்கள் படகில் ஒரு வெள்ளைக் கொடி கட்டியிருந்தார்கள். சமாதான உடன்படிக்கை 2016இல் எழுதப்பட்டுவிட்டதே, பிறகேன் கொடி என்று கேட்டேன். ஒப்பந்தம் ஒரு இயக்கத்தோடு மட்டும்தான் நடந்தது, வேறு ஆயுதக்குழுக்கள் இன்னும் ஆற்றில் திரிகின்றன என்று மொழிபெயர்க்க வந்த பிள்ளை சொன்னாள். கிப்தோவில் பிறந்து வளர்ந்தவள் அவள். அவள் ஸ்பானிஷிலிருந்து ஆங்கிலத்துக்குச் சொல்ல, நான் ஆங்கிலத்திலிருந்து மனதுக்குள் தமிழுக்கு மாற்றிக் கொப்பியில் எழுதிக்கொள்வேன். அதனால் இங்கே எழுதுவதில் சில வார்த்தைகள் அங்குமிங்கும் மாறியிருக்கலாம்.

ஆற்றைப் பற்றிக் கொஞ்சம் சொல்லவேண்டும். கரையெல்லாம் கடும் பச்சைக் காடு. இடைக்கிடை பத்து, இருபது வீடுகள். எல்லாம் பலகை வீடுகள், வெள்ளத்துக்காக மரக்கால்களின்மேல் கட்டியவை. ஒவ்வொரு வீட்டுக்கும் முன்னால் ஒரு தோணி. பெண்கள் தண்ணீர் விளிம்பில் மிதக்கும் பலகைகளில் குந்தியிருந்து உடுப்பும் சட்டிபானையும் கழுவுகிறார்கள். பிள்ளைகள் குளிக்கிறார்கள். அதே தண்ணீரில் மீன் பிடிக்கிறார்கள். மேலே கிளை ஆறுகளில் இயந்திரம் வைத்துத் தங்கம் அரிக்கிறார்கள். அதற்குப் பாதரசம் பாவிப்பதால் மீனிலும் அது சேர்ந்துவிட்டது. மக்கள் வழக்குப் போட்டு, 2016இல் அந்த நாட்டின் அரசியலமைப்பு நீதிமன்றம் அத்ராத்தோ ஆற்றுக்கே உரிமைகள் உண்டு என்று தீர்ப்புச் சொன்னது. ஒரு ஆளுக்கு உரிமை இருப்பதைப்போல ஆற்றுக்கும். ஆற்றுக்குப் பாதுகாவலர்களும் இருக்கிறார்கள். ஏழு மக்கள் அமைப்புகளிலிருந்து ஒவ்வொரு ஆணும் ஒவ்வொரு பெண்ணுமாகப் பதினாலு பேர். ஆணும் பெண்ணும் சரிபாதி என்பதை நான் இரண்டு தரம் கேட்டு உறுதிப்படுத்திக்கொண்டேன்.

இந்தக் கரைகளில் வாழ்பவர்களில் பெரும்பாலானோர் கறுப்பின மக்கள். தங்கச் சுரங்கங்களில் வேலை வாங்குவதற்காக ஆபிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களின் பரம்பரை. 1851இல் அடிமைமுறையை ஒழிக்கும் சட்டம் வந்தது. அதற்கு முன்பே விடுதலைப் பணம் கட்டியும் தப்பியோடியும் பலர் ஆறுகளின் வழியே இறங்கிக் கரைகளில் குடியேறத் தொடங்கியிருந்தார்கள். கிளை ஆறுகளின் மேற்பகுதியில் எம்பேரா என்ற பழங்குடி மக்கள் இருக்கிறார்கள். பெல்யாவிஸ்தாவும் இப்படித்தான் ஒரு வரிசை வீடுகளாகத் தொடங்கிய ஊர். பொஹயா என்ற கிளை ஆறு அத்ராத்தோவில் வந்து விழும் இடத்துக்குக் கிட்ட. நெல், வாழை, கரும்பு, மீன், மரம். 1960இல் பொஹயா தனி நகராட்சியானது. பாடசாலை, சுகாதார நிலையம், தேவாலயம், அருட்சகோதரிகளின் மடம் எல்லாம் ஆற்றைப் பார்த்தபடி வந்தன. நேர் எதிர்க்கரையில் விஹியா என்ற இன்னொரு சின்னப் பட்டணம். ஒரு கரையில் கூப்பிட்டால் மறுகரையில் கேட்காது, ஆனால் யார் வீட்டில் புகை எழும்புகிறது என்று தெரியும்.

1980களில் பெரிய மரக் கம்பனிகள் அந்தக் காட்டைக் கேட்டன. அப்போதுதான் ஆற்றங்கரை விவசாயிகள் தேவாலயத்தின் உதவியோடு ஒன்றுசேர்ந்து சங்கம் அமைத்தார்கள். காடு காலியாகக் கிடக்கவில்லை, நாங்கள் இருக்கிறோம் என்று சொன்னார்கள். 1993இல் கறுப்பின மக்களின் காணியுரிமைக்கு ஒரு சட்டம் வந்தது. 1997இல் நூற்றுக்கு மேற்பட்ட கிராமங்களுக்கும் சேர்த்து ஏறக்குறைய ஏழு லட்சம் ஹெக்டெயர் நிலத்துக்கு ஒரே கூட்டு உறுதி கிடைத்தது. அதை விற்க முடியாது, ஈடு வைக்கவும் முடியாது. எங்கள் பக்கத்தில் காணி உறுதிக்காகக் கச்சேரி வாசலில் நின்று களைத்த பெண்களை எனக்குத் தெரியும். அதனால் இந்தக் கதையை நான் கொஞ்சம் பொறாமையோடுதான் கேட்டேன். ஆனால் உறுதி கிடைத்த அதே 1997இல்தான் துணை ஆயுதக்குழுவும் அந்த ஆற்றுக்குள் வந்தது. 2000 மார்ச்சில் ஃபார்க் கெரில்லாக்கள் இரண்டு கரையையும் தாக்கிப் பிடித்தார்கள். விஹியாவில் இருபதுக்கு மேற்பட்ட பொலிஸார் இறந்தார்கள். அதன்பிறகு இரண்டு வருசம் அங்கே அரசாங்கமே இல்லை.

2002 ஏப்ரல் கடைசியில் துணை ஆயுதக்குழு படகுகளில் திரும்பி வந்தது. சண்டை வரப்போகிறது, மக்களைக் காப்பாற்றுங்கள் என்று ஐக்கிய நாடுகள் அலுவலகமும் மற்றவர்களும் முன்கூட்டியே அரசுக்கு எச்சரிக்கை அனுப்பினார்கள். ஒருவரும் வரவில்லை. மே 1ஆம் திகதி சண்டை தொடங்கியது. பலகை வீடு குண்டுக்கு நிற்காது. சீமெந்தால் கட்டியவை தேவாலயமும் மடமும் சுவாமியாரின் வீடும்தான். சனம் அங்கே ஓடியது. தேவாலயத்துக்குள் மட்டும் முந்நூறு பேரளவில் இருந்தார்கள். துணை ஆயுதக்குழு தேவாலயத்தைச் சுற்றி மறைந்து நின்றது. மே 2ஆம் திகதி முற்பகல் ஃபார்க் ஏவிய ஒரு எரிவாயு சிலிண்டர் குண்டு கூரையை உடைத்துக்கொண்டு பீடத்தின் முன்னால் விழுந்து வெடித்தது. 79 பேர் இறந்தார்கள். அதில் 48 பேர் பதினெட்டு வயதுக்குக் குறைந்தவர்கள்.

இதை வாசிக்கும் உங்களில் பலருக்கு இதற்குமேல் விவரிக்கத் தேவையில்லை. கோயிலுக்குள், பாடசாலைக்குள், ஆஸ்பத்திரிக்குள் என்று நாம் ஓடிய ஓட்டம் நமக்குத் தெரியும்.

உயிரோடு இருந்தவர்கள் வெள்ளைத் துணியைத் தூக்கிப் பிடித்து, நாங்கள் பொதுமக்கள் என்று கத்திக்கொண்டு தோணிகளில் எதிர்க்கரைக்குப் போனார்கள். காயப்பட்ட சிலரைத் தூக்க முடியாமல் விட்டுவிட்டுப் போகவேண்டி வந்தது. அந்த இரவு அவர்களோடு தேவாலயத்தில் இருந்தவர் ஒரு பெண். மனநோயாளி என்று ஊர் ஒதுக்கிவைத்திருந்தவர். அவர்தான் விடியும்வரை காயப்பட்டவர்களுக்குத் தண்ணீர் கொடுத்தார். சிதறிக் கிடந்தவற்றை ஒன்றாகச் சேர்த்து வைத்தார். பழைய தேவாலயத்தில் நின்று இதைக் கேட்டபோது எங்கள் குழுவில் எவரும் பேசவில்லை. உளவளத்துணை பற்றி நான் எத்தனையோ பயிற்சிகளுக்குப் போயிருக்கிறேன். அந்தப் பெண் ஒரு பயிற்சிக்கும் போகாதவர்.

சடலங்களை ஒழுங்காக அடக்க நேரமிருக்கவில்லை. சண்டை ஓயவில்லை. ஒரு சிலர் துணிந்து போய், அள்ளக்கூடியதை அள்ளி ஒரு பொதுக்குழியில் புதைத்தார்கள். ஆயிரக்கணக்கானோர் கிப்தோவுக்கு இடம்பெயர்ந்தார்கள். சில மாதங்களில் பலர் பழைய ஊருக்கே திரும்பினார்கள். பிறகு அரசாங்கம், இந்த ஊரையே தூக்கி வேறிடத்தில் வைக்கிறோம் என்றது. ஏறக்குறைய ஒரு கிலோமீற்றர் தள்ளி, வெள்ளம் ஏறாத மேட்டு நிலத்தைத் துப்புரவாக்கினார்கள். 2007இல் புதுப் பெல்யாவிஸ்தாவில் குடியேற்றம் நடந்தது.

நாங்கள் இறங்கியது அந்தப் புது ஊரின் இறங்குதுறையில். படிகளில் ஏறிப் போனால் சீமெந்து ஒழுங்கைகள், வரிசை வரிசையாக ஒரே அளவு வீடுகள், நகராட்சிக் கட்டடம், பாடசாலை, விளையாட்டுத் திடல். எனக்கு வந்த முதல் எண்ணம், இது எங்கள் வன்னியில் எங்கோ ஒரு வீட்டுத்திட்டம் என்பதுதான். கல்வீடு, முன்னால் சின்ன விறாந்தை, உள்ளே இரண்டு மூன்று அறை. இடையில் பதினாறு வருசம் போயிருந்ததால் சனம் தங்கள் கைவேலையைக் காட்டியிருந்தார்கள். ஒருவர் பலகையால் ஒரு பத்தி இறக்கியிருந்தார். இன்னொருவர் முன்னறையைக் கடையாக்கியிருந்தார். கதவுகளுக்கு நீலம், மஞ்சள், இளஞ்சிவப்பு. கூரைத் தண்ணீர் விழும் இடங்களில் பெரிய பெரிய கறுப்புத் தாங்கிகள். குழாய்த் தண்ணீரை நம்பியிருக்க முடியாதாம். மின்சாரமும் இரவு இரண்டு தரம் நின்றது.

நாங்கள் தங்கிய வீட்டுக்காரி ஐம்பது வயது தாண்டியவர். நான் அக்கா என்றுதான் மனதுக்குள் கூப்பிட்டேன். அவர் என்னை ஈஹா, அதாவது மகள் என்றார். மீன் சூப்பும், தட்டையாக நசித்துப் பொரித்த வாழைக்காயும் தந்தார். மீன் பொக்காச்சிக்கோ என்ற ஆற்று மீன், எங்கள் பனையான் மீனைவிடப் பெரிது, முள் கணக்கில்லை. நான் கையால் பிசைந்து முள் எடுத்துச் சாப்பிடுவதைப் பார்த்து அவருக்குப் பெரிய சந்தோசம். ஐரோப்பாவிலிருந்து வந்த பிள்ளைகள் கரண்டியோடு பட்ட பாட்டை நடித்துக் காட்டிச் சிரித்தார்.

புது வீடு எப்படி என்று கேட்டேன். சமூகசேவகி கேட்கும் கேள்வி அது. நல்லது என்றார் முதலில். வெள்ளம் வராது, இரவில் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு பரணில் ஏறத் தேவையில்லை. பிறகு கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னார். பழைய வீட்டின் முன்வாசலில் நின்றால் ஆறு தெரியும். யார் வருகிறார்கள், யார் போகிறார்கள், மீன் கிடைத்ததா, சுகவீனக்காரரை ஏற்றிப் போகிறார்களா எல்லாம் தெரியும். இப்போது வாசலில் நின்றால் முன்வீட்டுக்காரியின் வாசல் தெரிகிறது. அவள் என்னைப் பார்க்கிறாள், நான் அவளைப் பார்க்கிறேன். உடுப்புக் கழுவ முன்பு நாலு எட்டு வைத்தால் போதும், இப்போது கூடையைத் தலையில் வைத்து இறங்கி ஏறவேண்டும். கல்வீடு பகலில் வேகிறது. பலகை வீட்டில் காற்று தரைப்பலகை இடுக்கால் வரும்.

எல்லாவற்றுக்கும் மேலாக அவர் கவலைப்பட்டது சொத்தேயாவுக்காக. சொத்தேயா என்பது உயரத் தூக்கிக் கட்டிய ஒரு தோட்டம். நாலு கப்பில் ஒரு பரண், அதன்மேல் உடைந்த பழைய தோணி அல்லது பலகைப் பெட்டி, அதற்குள் மண். வெள்ளமும் கோழியும் எட்டாது. வெங்காயத்தாள், மல்லி, மிளகாய், புதினா, வயிற்றுவலிக்கு ஒன்று, பிள்ளை பெற்றவளுக்கு ஒன்று, கண்ணூறுக்கு ஒன்று என்று பெண்கள் அதில்தான் வைத்திருப்பார்கள். வீட்டுக்கு வீடு செடி மாற்றிக்கொள்வார்கள். கர்ப்பமானால் ஒரு விதையைச் சொத்தேயாவில் போட்டு, பிள்ளை பிறந்ததும் நச்சுக்கொடியைப் புதைக்கும் இடத்தில் அந்தக் கன்றை நடுவது வழக்கம். அந்த மரம் அந்தப் பிள்ளையின் மரம். புது ஊரை வரைபடத்தில் கீறியபோது வீட்டோடு வீடு நெருக்கி வைத்துவிட்டார்கள். சொத்தேயாவுக்கு இடம் விடவில்லை. அவருடைய பிள்ளைகளின் மரங்கள் பழைய ஊரில் நிற்கின்றன. இரண்டு பிள்ளைகள் இல்லை, மரங்கள் நிற்கின்றன என்றார்.

நான் இங்கே ஒன்றைச் சொல்லாமல் விட்டால் சரியில்லை. படிப்பை முடித்த கையோடு 2011இல் மீள்குடியேற்ற வேலைக்குப் போனேன். வீட்டுத்திட்டப் படிவங்களை நிரப்புவது என் வேலை. கணவனைச் சண்டையில் இழந்த ஒரு அக்கா, "தங்கச்சி, குசினியைக் கிணத்துப் பக்கம் வைக்க ஏலாதா? இந்தப் பக்கம் வைச்சா புகை முழுக்கச் சாமியறைக்குள்ள வரும், தண்ணி அள்ளவும் தூரம்" என்று கேட்டார். திட்டத்தில் அப்படி இல்லை அக்கா, மாற்றினால் அடுத்த கட்டக் காசு நிற்கும் என்று நான்தான் சொன்னேன். உண்மையும் அதுதான். ஆனால் மேலே ஒருவரிடம் அதைக் கேட்டுப் பார்க்கவேண்டும் என்றுகூட எனக்குத் தோன்றவில்லை. கிடைக்கிற வீட்டை வாங்காமல் இதென்ன கதை என்று உள்ளுக்குள் எரிச்சலும் வந்தது. இரண்டு வருசம் கழித்துப் போனபோது அந்தக் குசினிக்குள் விறகும் ஒரு ஆட்டுக்குட்டியும் இருந்தன. கிணத்தடியில் ஓலையால் ஒரு கொட்டில் போட்டு அங்கே சமைத்துக்கொண்டிருந்தார். எனக்குத் தேத்தண்ணி தந்தார். ஒன்றும் சொல்லவில்லை. பெல்யாவிஸ்தாவில் அந்தக் கொட்டிலைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஆனால் எல்லோரும் பழைய ஊரையே நினைத்து ஏங்குகிறார்கள் என்று எழுதினால் அது பொய். இருபது, இருபத்தைந்து வயதுப் பிள்ளைகளுக்குப் பழைய ஊர் வெறும் கதை. அவர்களுக்குச் சீமெந்து ஒழுங்கையும் திடலும் கைபேசித் தொடர்பும் பிடித்திருக்கிறது. தலைமுடி பின்னும் கடை வைத்திருக்கும் ஒருத்தி, அம்மாக்கள் ஆற்றைப் பற்றிச் சொல்லும்போது நுளம்பைப் பற்றிச் சொல்வதில்லை என்றாள். அவள் சொன்னதிலும் நியாயம் இருக்கிறது. அவளுடைய கடைக்குப் பின்னால் ஒரு உடைந்த தோணி, நாலு கப்பின்மேல். வெங்காயத்தாள் நட்டிருந்தாள். பாட்டி வந்து வைத்துவிட்டுப் போனாராம். நடந்துகொண்டே பார்த்தேன், பல வீட்டுப் பின்புறங்களிலும் அப்படித்தான். வேலியோரமாக, கழிவறைச் சுவரோடு ஒட்டியபடி, வரைபடத்தில் இல்லாத இடங்களில் பெண்கள் சொத்தேயாக்களைத் தூக்கியிருந்தார்கள். பழைய பிளாஸ்ரிக் பேசின்களில்கூட.

அடுத்த நாள் பழைய ஊருக்குத் தோணியில் கூட்டிப்போனார்கள். காடு மூடிவிட்டது. சீமெந்து நடைபாதை ஒன்று பற்றைக்குள் போகிறது, இரண்டு பக்கமும் வீடிருந்த அடையாளங்கள். தேவாலயத்தை மட்டும் திருத்தி வைத்திருக்கிறார்கள். ஒவ்வொரு மே 2ஆம் திகதியும் எல்லோரும் இங்கேதான் கூடுகிறார்கள். குண்டில் கையும் காலும் போன ஒரு கிறிஸ்து சிலையைப் பத்திரமாக வைத்திருக்கிறார்கள். 2017இல் பாப்பரசர் பிரான்சிஸ் கொலம்பியாவுக்கு வந்தபோது அந்தச் சிலையை அவர் முன்னால் கொண்டுபோய் வைத்தார்கள். பெண்கள் சேர்ந்து இறந்தவர்களின் பெயர்களைத் துணியில் தைத்த ஒரு பெரிய திரையும் இருக்கிறது. ஒவ்வொரு எழுத்தும் கைத்தையல். குழந்தைகளின் பெயர்கள் எத்தனை என்று எண்ணத் தொடங்கி நிறுத்திவிட்டேன்.

இனிச் சொல்லப்போவதுதான் நான் கொப்பியில் அதிகம் எழுதியது.

இந்த ஆற்றங்கரை மக்களுக்குச் செத்தவீடு என்பது பெண்களின் பாட்டில்லாமல் இல்லை. பெரியவர்கள் இறந்தால் ஒன்பது இரவு கூடியிருந்து அலபாவோ என்ற பாடல்களைப் பாடுவார்கள். இசைக்கருவி இல்லை. ஒருவர் தொடங்க மற்றவர்கள் எடுத்துப் பாடுவார்கள். கடைசி இரவில் வீட்டில் வைத்திருக்கும் பீடத்தைக் கலைத்து ஆன்மாவை வழியனுப்புவார்கள். சின்னப் பிள்ளை இறந்தால் குவாலி என்று வேறு சடங்கு. அதில் பாட்டும் விளையாட்டும் உண்டு, பிள்ளையைச் சும்மா அழுது அனுப்பக்கூடாது என்று. நம்முடைய ஒப்பாரியும் எட்டும் முப்பத்தோராம் நாளும் எனக்கு ஞாபகம் வந்தன. 2002இல் இறந்தவர்களுக்கு ஒன்பது இரவும் இல்லை, குவாலியும் இல்லை. யாருடைய எலும்பு யாருடையது என்றும் தெரியாது. வழியனுப்பாத ஆன்மா அங்கேயே நிற்கும் என்பது அவர்கள் நம்பிக்கை. ஆகவே ஊர் புதிதாக வந்த பிறகும் பெண்கள் கேட்டுக்கொண்டே இருந்தார்கள். வீடு தந்துவிட்டீர்கள், எங்கள் ஆட்களைத் தாருங்கள் என்று.

2015 டிசம்பரில் ஃபார்க் தலைவர்கள் பெல்யாவிஸ்தாவுக்கே வந்து ஊர்ச்சனத்தின் முன் தங்கள் பொறுப்பை ஒப்புக்கொண்டு மன்னிப்புக் கேட்டார்கள். 2016 செப்ரெம்பரில் கார்த்தஹேனா நகரத்தில் சமாதான உடன்படிக்கை கையெழுத்தானபோது, பொஹயா நகராட்சியிலுள்ள பொகே என்ற சிற்றூரின் பாட்டுக்காரப் பெண்கள் உலகத் தலைவர்கள் முன்னால் தாங்களே கட்டிய அலபாவோவைப் பாடினார்கள். அடுத்த மாதம் அந்த உடன்படிக்கைக்கு மக்கள் வாக்கெடுப்பு வைத்தார்கள். நாடு முழுவதிலும் மயிரிழையில் "இல்லை" வென்றது. பொஹயாவில் 96 வீதம் "ஆம்". இறந்தவர்களின் ஊர் சமாதானத்தைக் கேட்டது, சண்டையைத் தொலைக்காட்சியில் பார்த்த ஊர்கள் பல வேண்டாம் என்றன. பிறகு உடன்படிக்கையைத் திருத்தி நாடாளுமன்றத்தில் நிறைவேற்றினார்கள்.

2017இல் குழிகளைத் தோண்டத் தொடங்கினார்கள். ஊரவர்களே ஒரு குழு அமைத்து, எப்படித் தோண்டவேண்டும், யார் பக்கத்தில் நிற்கவேண்டும், எந்தச் சடங்கு எப்போது என்று அதிகாரிகளோடு இருந்து பேசி முடிவெடுத்தார்கள். இரத்த மாதிரி எடுத்து மரபணுச் சோதனை செய்தார்கள். இரண்டு வருசத்துக்கு மேல் சென்றது. 2019 நவம்பரில் நூறளவு பெட்டிகள் படகுகளில் ஆற்றுவழியே வந்தன. பெரியவர்களுக்குப் பெரிய பெட்டி, பிள்ளைகளுக்குச் சின்னப் பெட்டி என்றில்லை, எல்லாம் சின்னப் பெட்டிதான், எலும்புதானே என்றார் எங்கள் வீட்டுக்கார அக்கா. இரவிரவாக அலபாவோவும் குவாலியும் பாடி, புதுப் பெல்யாவிஸ்தாவில் கட்டிய கல்லறை மண்டபத்தில் அடக்கம் செய்தார்கள். பதினேழு வருசத்துக்குப் பிறகு.

அந்த மண்டபத்துக்குக் கூட்டிப்போய்த் தன் பிள்ளைகளின் பெயர்களைக் கையால் தடவிக் காட்டினார். 2007இல் இந்த ஊருக்கு வந்தேன், ஆனால் 2019இல்தான் குடிவந்தேன் என்றார். மொழிபெயர்த்த பிள்ளைக்கு இந்த இரண்டுக்கும் ஆங்கிலத்தில் வேறு வேறு சொல் வரவில்லை, கையால் காட்டினாள். எனக்கு விளங்கியது. அடையாளம் காணமுடியாமல் போனவர்களும் உண்டு, அந்தக் குடும்பங்கள் இன்னும் கேட்டுக்கொண்டிருக்கின்றன என்பதையும் அவரே சொன்னார்.

கடைசி இரவு பாட்டுக்காரப் பெண்கள் ஏழெட்டுப் பேர் வந்தார்கள். எல்லோரும் வயதானவர்கள். சாதாரண சட்டை, ரப்பர் செருப்பு, ஒருவர் கையில் பேரப்பிள்ளை. மூன்று பாட்டுப் பாடினார்கள். மொழிபெயர்க்க வேண்டாம் என்று அந்தப் பிள்ளைக்குச் சைகை காட்டினேன். முடிந்ததும் ஒரு அம்மா எங்களைப் பார்த்து, உங்கள் ஊரிலும் இப்படிப் பாட்டு இருக்கிறதா என்று கேட்டார். இருக்கிறது என்றேன். பாடு என்றார். எனக்குத் தெரியாது. பல்கலைக்கழகத்தில் ஒப்பாரி பற்றிப் பரீட்சைக்குக் கட்டுரை எழுதியிருக்கிறேன், இரண்டு வரி பாடத் தெரியாது. வெட்கமாக இருந்தது. உன் வீட்டில் யாரையாவது தேடுகிறீர்களா என்று கேட்டார். மாமாவை, அம்மாவின் தம்பியை, 1990இலிருந்து என்றேன். கிடைத்தாரா? இல்லை. அவர் தலையை ஆட்டிவிட்டு மாமாவின் பெயரைக் கேட்டார். சொன்னேன். அதை இரண்டு மூன்று தரம் சொல்லிப் பழகிக்கொண்டார், ழகரம் அவருக்கு வரவேயில்லை.

காலை ஆறு மணிக்குப் படகு. வீட்டுக்கார அக்கா சொத்தேயாவிலிருந்து ஒரு செடியை ஈரத்துணியில் சுற்றித் தந்தார். விமான நிலையத்தில் விடமாட்டார்கள் என்று தெரிந்தும் வாங்கிக்கொண்டேன். கிப்தோவில் மொழிபெயர்க்க வந்த பிள்ளையின் தாயிடம் கொடுத்துவிட்டு வந்தேன். படகில் எங்களோடு இரண்டு மூட்டை வாழைக்காயோடு ஒரு பெண் வந்தாள். எண்ணெய்ச் செலவு போகக் கையில் என்ன மிஞ்சும் என்று கணக்குப் பார்த்துக்கொண்டே வந்தாள்.

வீட்டுக்கு வந்து படங்களை அம்மாவுக்குக் காட்டினேன். கைபேசியில் பதிந்து வந்த அலபாவோவையும் போட்டேன். கண்ணை மூடிக் கேட்டார். "எங்கட அம்மாவும் இப்படித்தான் இழுத்துப் பாடுவா" என்றார். அம்மம்மா ஊரில் பேர்போன பாட்டுக்காரி. அவவின் பாட்டெல்லாம் உங்களுக்குத் தெரியுமா என்று கேட்டேன். தெரியும் என்றார். அப்போ மாமாவுக்கு ஒன்று பாடுங்களேன் அம்மா, நான் பதிந்து வைக்கிறேன் என்றேன்.

அம்மா கைபேசியை என்னிடம் திருப்பித் தந்தார். "பாட்டு எனக்குத் தெரியும் பிள்ளை. அவன் வந்தாப் பிறகு பாடலாம்" என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போனார்.